விடுதலைப் பத்திரம் எழுதும் முன் பாட்டியைக் கணக்கில் எடுங்கள்

வாரிசுச் சான்று கையில் இருக்கிறது, அப்பா சொத்தில் தங்கள் பங்கை விட்டுக்கொடுக்கும் விடுதலைப் பத்திரத்தில் தங்கைகள் கையெழுத்துப் போடத் தயார், ஒரே நாளில் வேலை முடியும் என்ற நினைப்பில்தான் சார்பதிவாளர் அலுவலகத்துக்குக் கிளம்புவோம். பதிவும் ஆகிவிடும். வயிற்றெரிச்சல் அதற்குப் பிறகு, வங்கி வக்கீல் லீகல் ஒபீனியன் (சொத்து உரிமை பற்றிய சட்டக் கருத்து) எழுத உட்காரும்போது தொடங்கும். எங்கள் பத்திரம் மாட்டியது அங்கேதான். கேள்வி ஒன்றே ஒன்று: "இறந்தவரின் தாயார் எப்போது காலமானார்?"

உயில் எழுதாமல் இறந்த இந்து ஆணின் சுயசம்பாத்தியச் சொத்தில், 1956 வாரிசுரிமைச் சட்டப்படி மனைவி, மகன், மகளோடு தாயும் முதல் வகுப்பு வாரிசு. மகனுக்குப் பின் ஒரு வாரமே உயிரோடு இருந்தாலும் தாயின் பங்கு அவருக்குச் சேர்ந்துவிடும். பாட்டி, அம்மா, ஒரு மகன், இரண்டு மகள்கள் என்றால் ஆளுக்கு 5-ல் 1. தாத்தா முன்பே போய்விட்டார், பாட்டியும் உயில் இல்லாமல் காலமானார் என்றால் அந்த 5-ல் 1 அவருடைய பிள்ளைகள் வழியில் பிரியும். அப்பா, சித்தப்பா, அத்தை என மூவர் இருந்தால் சித்தப்பாவுக்கும் அத்தைக்கும் தலா 15-ல் 1 உண்டு. அப்பாவின் 15-ல் 1 அவர் பிள்ளைகளுக்கு வரும். நாம் மறந்துபோன அந்த இருவர் கையெழுத்து இல்லாமல் சொத்து முழுமையாக நம்முடையது ஆகாது.

வாரிசுச் சான்றில் பாட்டி பெயர் ஏன் இல்லை? விண்ணப்பித்த நேரத்தில் அவர் உயிரோடு இல்லை, அதனால் சேர்க்கவில்லை. "சான்றில் உள்ளவர்கள் போதும் சார்" என்று பத்திர எழுத்தரும் சொல்லிவிட்டார். யாருக்கு எவ்வளவு பங்கு என்று தீர்ப்பது சார்பதிவாளரின் வேலை இல்லை. பத்திரம் பதிவாகும், வில்லங்கச் சான்றில் ஏறும், பட்டாகூட மாறும். பட்டாவைக் காட்டி உரிமையை நிலைநாட்ட முடியாது, அது வருவாய்த் துறைப் பதிவு மட்டுமே.

தீர்வு இதுதான்: பாட்டிக்குத் தனியாக இறப்புச் சான்று, வாரிசுச் சான்று வாங்கி, சித்தப்பாவிடமும் அத்தையிடமும் விடுதலைப் பத்திரம் எழுதிப் பதிய வேண்டும். உடன்பிறந்தாருக்குள் விடுதலை என்றால் கிடைக்கும் குடும்பச் சலுகைக் கட்டணம் சித்தப்பாவுக்கும் அண்ணன் மகனுக்கும் பொருந்தும் என்று நினைத்துவிடாதீர்கள். முத்திரைத்தாள் வாங்கும் முன்பே கட்டணத்தைக் கேட்டுவிடுங்கள். அத்தையிடம் பேசும்போது "சும்மா ஒரு கையெழுத்து" என்று ஆரம்பிக்காதீர்கள். கணக்கை எழுதிக் காட்டினால் கசப்பு குறையும்.

கல்யாணத்தின்போது நகை, ரொக்கம் கொடுத்து "இனி பங்கு கேட்க மாட்டேன்" என்று மகளிடம் எழுதி வாங்கிய பத்திரத்தை நம்பி உட்கார்ந்திருப்பவர்கள் கவனிக்க. அப்பா உயிரோடு இருக்கும்வரை அவர் சுயசம்பாத்தியத்தில் மகளுக்கு உரிமையே பிறக்கவில்லை. எதிர்பார்ப்பு மட்டும்தான், அதை மாற்றித்தர முடியாது (சொத்து மாற்றுச் சட்டம் 1882, பிரிவு 6). பணம் வாங்கிக்கொண்டு எழுதியவர் பிறகு மறுக்க முடியாது என்று வாதாட இடம் உண்டு. ஆனால் அது கோர்ட்டு வாசலில் நடக்கும் சண்டை. அப்பா காலமானபின் புதிதாக ஒரு விடுதலை வாங்குவதே மேல். நோட்டரி முத்திரை வைத்த தாளும் உதவாது. அசையாச் சொத்தில் பங்கை விடுவது பதிவு செய்த பத்திரத்தில்தான் நிற்கும்.

வாரிசுகளில் மைனர் இருந்தால், இந்து மைனர் மற்றும் காப்பாளர் சட்டம் 1956, பிரிவு 8-ன்படி நீதிமன்ற அனுமதி இல்லாமல் தாயோ தந்தையோ அந்தப் பங்கை விடக்கூடாது. விட்டால், பிள்ளை மேஜரானதும் ரத்து கேட்கலாம்.

வெளிநாட்டுத் தங்கை பவர் (தன் சார்பில் கையெழுத்திட இன்னொருவருக்கு அதிகாரம் தரும் பத்திரம்) அனுப்பினால், இந்தியத் தூதரகத்திலோ நோட்டரியிடமோ கையெழுத்திட்டிருக்க வேண்டும். இங்கே வந்து 3 மாதத்துக்குள் முத்திரைத் தீர்வை கட்டியாக வேண்டும். தபால் உறையைத் தூக்கி எறியாதீர்கள், வந்த தேதிக்கு அதுதான் அத்தாட்சி.

கடைசியாக, சொத்து விவரத்தில் உட்பிரிவு எண்ணை மூலப்பத்திரத்தோடும் பட்டாவோடும் ஒப்பிட்டபிறகே கையெழுத்து. எண் தவறினால் பிழைதிருத்தல் பத்திரத்துக்கு அத்தனை பேரையும் மறுபடி கூட்ட வேண்டும், அப்போது எல்லாரும் இதே மனநிலையில் இருப்பார்கள் என்று சொல்ல முடியாது.