"எனக்குப் புரிகிறது" என்று சொல்வதை நிறுத்திய பிறகு

என் வேலை போனில் பேசுவது. காப்பீட்டுக் கோரிக்கைகளைப் பற்றி விசாரிப்பவர்களுக்குப் பதில் சொல்லும் பிரிவில் 9 வருடமாக இருக்கிறேன். காதில் ஹெட்செட், எதிரே திரை, திரையின் ஓரத்தில் அழைப்பு எத்தனை நிமிடமாக ஓடுகிறது என்று காட்டும் கடிகாரம். சேர்ந்த முதல் வாரப் பயிற்சியிலேயே ஒரு வாக்கியத்தைச் சொல்லிக் கொடுத்தார்கள்: "உங்கள் நிலைமை எனக்குப் புரிகிறது." ஒரு நாளைக்கு 40 தடவையாவது சொல்லியிருப்பேன். பொய்யாகச் சொல்லவில்லை. புரிகிறது என்றுதான் நம்பினேன்.

2 வருடத்துக்கு முன் என் தங்கைக்கு 11-வது வாரத்தில் கரு கலைந்தது. கேட்டதும் எனக்குக் கை நடுங்கிவிட்டது, ஏனென்றால் அதே இழப்பு எனக்கும் நடந்திருக்கிறது, அவளுக்கு 6 வருடம் முன்னால். அப்போது நான் நாள் கணக்கில் அழுதேன். ஸ்கேன் படத்தை பீரோவில் துணிகளுக்கு அடியில் வைத்திருந்தேன், இன்றும் அங்கேதான் இருக்கிறது. அதனால் அவளைப் புரிந்துகொள்ள இந்தக் குடும்பத்தில் என்னைவிடச் சரியான ஆள் யாரும் இல்லை என்று நினைத்தேன். நேரே போய்க் கட்டிப்பிடித்துக்கொண்டு, "அழுதுடும்மா, உள்ளேயே வெச்சுக்காதே" என்றேன். அவள் அழவில்லை. மறுநாளும் போனேன், அதையே சொன்னேன். எனக்கு எப்படி இருந்தது, எத்தனை நாள் தூக்கம் வரவில்லை, எப்போது சரியானது எல்லாவற்றையும் சொன்னேன். மூன்றாம் நாள் அவள் மெதுவாகச் சொன்னாள்: "அக்கா, நீ உன்னைப் பத்தியே பேசிட்டு இருக்கே."

அதற்குப் பிறகு 3 வாரம் போனில் ஓரிரு வார்த்தைதான். "நல்லா இருக்கேன்க்கா, அப்புறம் பேசறேன்."

கடைசியில் ஒரு சாயங்காலம் அவளிடம் போய், "உனக்கு எப்படி இருக்குன்னு எனக்குத் தெரியலை. தெரியும்னு நினைச்சுட்டு இருந்தேன். முடிஞ்சா நீயே சொல்லு" என்றேன். ரொம்ப நேரம் ஒன்றும் பேசவில்லை. பிறகு சொன்னாள். அந்தக் கர்ப்பம் அவள் எதிர்பார்க்காத நேரத்தில் வந்தது. நின்றுபோன படிப்பை அப்போதுதான் மறுபடி ஆரம்பித்திருந்தாள். கலைந்துவிட்டது என்று டாக்டர் சொன்னபோது அவளுக்கு முதலில் வந்தது நிம்மதி. அந்த நிம்மதியை நினைத்து அடுத்த நிமிடமே குற்ற உணர்ச்சி. "நீ அழு அழுன்னு சொல்றப்பல்லாம், அழுகை வராத நான் என்ன மாதிரி மனுஷின்னு தோணுச்சு" என்றாள்.

எத்தனை வருடம் யோசித்தாலும் இதை நானாக ஊகித்திருக்க மாட்டேன். ஆறுதல் என்று நினைத்து நான் சொன்ன ஒவ்வொரு வார்த்தையும் அவளுடைய குற்ற உணர்ச்சியின் மேல் போய் உட்கார்ந்திருக்கிறது. அந்த இரவிலிருந்து ஒத்துணர்வு, அதாவது மற்றவர் உணர்வதை அவர் பக்கமிருந்து புரிந்துகொள்வது, என்ற விஷயத்தை ஒரு தொழிலைக் கற்பது போலக் கற்க ஆரம்பித்தேன்.

படிக்கவும் செய்தேன். என்னை உலுக்கிய ஆய்வு 2015-ல் ரேச்சல் ரட்டன் என்பவரும் அவருடைய சகாக்களும் வெளியிட்டது. ஒரு கஷ்டத்தைத் தாங்கிக் கடந்து வந்தவர்கள், அதே கஷ்டத்தைத் தாங்க முடியாமல் திணறுகிறவர்களிடம் மற்றவர்களைவிடக் குறைவாகவே பரிவு காட்டினார்கள் என்று அதில் கண்டார்கள். காரணம் எளிதானது. பழைய வலி எவ்வளவு கடுமையாக இருந்தது என்பது மறந்துபோகிறது, கடந்து வந்தோம் என்பது மட்டும் நினைவில் நிற்கிறது. "நான் மீண்டு வந்தேனே, நீ ஏன் வரவில்லை?" என்ற கேள்வி நமக்கே தெரியாமல் உள்ளே ஓடுகிறது. நான் தங்கையிடம் கடுமையாக நடந்துகொள்ளவில்லைதான். ஆனால் எனக்கு எப்போது சரியானது என்று அவளிடம் தேதி சொன்னேனே, அது என்ன?

இன்னொன்று டேனியல் பேட்சன் குழுவினர் 1997-ல் செய்தது. பெரிய இழப்பில் இருக்கும் ஒரு இளம் பெண்ணின் பேட்டியை மாணவர்களைக் கேட்க வைத்தார்கள். சிலரிடம் "அவள் எப்படி உணர்கிறாள் என்று கற்பனை செய்யுங்கள்" என்றார்கள். வேறு சிலரிடம் "அவள் இடத்தில் நீங்கள் இருந்தால் எப்படி உணர்வீர்கள் என்று கற்பனை செய்யுங்கள்" என்றார்கள். இரண்டு குழுவினருக்கும் அவள்மேல் பரிவு வந்தது. ஆனால் தங்களை அவள் இடத்தில் வைத்துப் பார்த்தவர்களுக்குப் பரிவோடு சொந்தக் கலக்கமும் சேர்ந்து வந்தது. "அவங்க இடத்துல நம்மளை வெச்சுப் பார்க்கணும்" என்று சின்ன வயதிலிருந்து கேட்டிருக்கிறோம். அந்த அறிவுரையை அப்படியே செய்ததால்தான், தங்கையின் படுக்கை ஓரத்தில் உட்கார்ந்து என் கண்ணீரைத் துடைத்துக்கொண்டிருந்தேன்.

சரி, கற்பனையை அவள் பக்கம் திருப்பிவிட்டால் போதுமா? அதுவும் போதாது. 2018-ல் தால் எயால், மேரி ஸ்டெஃபெல், நிக்கோலஸ் எப்ளி மூவரும் 25 பரிசோதனைகள் செய்தார்கள். மற்றவரின் பார்வையை எவ்வளவு முயன்று கற்பனை செய்தாலும், அவர் மனதில் இருப்பதைக் கண்டுபிடிக்கும் துல்லியம் கூடவில்லை. கணவன் மனைவிக்குள்ளேயும் அப்படித்தான். துல்லியம் கூடியது ஒரே வழியில்: அவரிடமே கேட்டுத் தெரிந்துகொண்டபோது. இவ்வளவுதானா என்று தோன்றும். ஆனால் தங்கையிடம் கேட்க எனக்கு 3 வாரம் ஆயிற்று. தெரியும் என்று நினைப்பவருக்குக் கேட்கத் தோன்றாது, அதனால்தான் இது கடினம்.

கேட்பதற்கு முன் ஒரு படி இருக்கிறது, பேசாமல் இருப்பது. 1984-ல் பெக்மன், ஃபிராங்கெல் என்ற இருவர் மருத்துவர்களிடம் வரும் நோயாளிகளின் பேச்சை ஆராய்ந்தார்கள். நோயாளி தன் பிரச்சினையைச் சொல்ல ஆரம்பித்து சராசரியாக 18 நொடியில் மருத்துவர் குறுக்கிட்டுவிடுகிறார் என்று கண்டார்கள். இதைப் படித்துவிட்டு, பயிற்சிக்கென்று எங்களுக்குத் தரும் என்னுடைய பழைய அழைப்புப் பதிவுகளில் 10 எடுத்து, கையில் கடிகாரத்தோடு கேட்டேன். 18 நொடியைத் தாண்டியது இரண்டே இரண்டு. மற்ற எட்டிலும் அதற்குள் நான் பேசிவிட்டேன், பெரும்பாலும் "உங்கள் நிலைமை எனக்குப் புரிகிறது" என்றுதான். அந்த வாக்கியம் கதவைத் திறப்பதாக நான் நினைத்திருந்தேன். பதிவில் கேட்கும்போது தெரிகிறது, அதைச் சொன்னவுடன் எதிர்முனையில் இருப்பவர் குரல் சுருங்கி, கோரிக்கை எண்ணைச் சொல்ல ஆரம்பித்துவிடுகிறார்.

அந்த வாக்கியத்தை விட்டேன். அதற்குப் பதிலாக, கேட்டதை என் வார்த்தையில் சொல்லி, சரியா என்று கேட்கிறேன். இதற்கு வேர் கார்ல் ரோஜர்ஸ் என்ற உளவியலாளரிடம் இருக்கிறது. 1950-களில் ஒத்துணர்வைப் பற்றி எழுதும்போது அவர் "போல" என்பதை வலியுறுத்தினார்: மற்றவரின் உலகத்தை உன்னுடையது போல உணர், ஆனால் அந்தப் "போல"வை ஒருபோதும் இழக்காதே. பிற்காலத்தில் அவர் வருத்தப்பட்ட விஷயமும் ஒன்று உண்டு. அவருடைய முறையை, எதிரே இருப்பவர் சொன்னதை அப்படியே திருப்பிச் சொல்வது என்று சுருக்கிவிட்டார்கள் என்று. கிளிப்பிள்ளை மாதிரிச் சொன்னால் பேசுபவருக்கு உடனே தெரிந்துவிடும். "நான் புரிந்துகொண்டது தப்பாக இருக்கலாம், நீங்கள் திருத்துங்கள்" என்ற இடம் அந்தக் கேள்விக்குள் உண்மையாகவே இருக்க வேண்டும்.

போன வருடம் ஒரு பெரியவர் அழைத்தார். மனைவி இறந்து 2 மாதம். ஒரே வாரத்தில் நான்காவது அழைப்பு, அவர் கோப்பில் "பணம் பற்றி அவசரப்படுத்துகிறார்" என்று முன்பு பேசிய யாரோ குறிப்பு எழுதியிருந்தார்கள். பழைய நானாக இருந்தால், பணம் எப்போது வரும் என்று முதல் நிமிடத்திலேயே சொல்லியிருப்பேன். அன்று காத்திருந்தேன். அவர் சுற்றிச் சுற்றி எங்கள் கடிதத்தைப் பற்றியே பேசினார். "கடிதத்தில் ஏதோ உங்களை உறுத்துவது போலத் தெரிகிறது, பணம் தாமதமாவதா, வேறு ஏதாவதா?" என்று கேட்டேன். "பணம் வரட்டும், எப்ப வேணா வரட்டும்மா" என்றார். "அவ பேரைத் தப்பா எழுதியிருக்கீங்க. ஒரு எழுத்து விட்டுப் போச்சு." நான்கு தடவையும் அதைச் சொல்லத்தான் முயன்றிருக்கிறார். பெயரைத் திருத்தி, புதுக் கடிதம் அனுப்பச் சொல்லிவிட்டு, எழுத்து எழுத்தாக அவரிடம் படித்துக் காட்டினேன். மொத்தம் 7 நிமிடம். அவர் மறுபடி அழைக்கவில்லை.

எல்லாம் இப்படி நல்லபடியாக முடிவதில்லை. என் மகனுக்கு 14 வயது. நண்பர்கள் தன்னை விட்டுவிட்டுப் போய்விட்டார்கள் என்று சொன்ன இரவு, "உன் வயசுல எனக்கும்" என்று ஆரம்பித்து, பாதியில் நிறுத்தினேன். நிறுத்தியதை அவன் கவனித்தான். "சொல்லும்மா, பரவாயில்லை" என்றான், ஆனால் முகம் அதற்குள் மூடிவிட்டது. மறுநாள் நேராகக் கேட்டேன்: "நான் ஏதாவது யோசனை சொல்லணுமா, இல்லை கேட்டுக்கிட்டா போதுமா?" "கேட்டா போதும்" என்றான், உடனே. இப்போது அவனே சில நாள் "அம்மா, இன்னிக்கு யோசனை வேணும்" என்று ஆரம்பிக்கிறான்.

களைப்பும் உண்டு, அதை மறைக்க மாட்டேன். 30 அழைப்புக்கு மேல் ஆனால் என்னால் இப்படிக் கேட்க முடிவதில்லை, குரல் தட்டையாகிவிடுகிறது. அந்த நேரத்தில் கனிவாகப் பேசுவதை விட்டுவிட்டு, வேலையைத் தப்பில்லாமல் முடித்துக் கொடுக்கிறேன். வீட்டில் என்றால், "இப்ப என்னால சரியா கேட்க முடியாது, அரை மணி கழிச்சு வரேன்" என்கிறேன். அரை மணி கழித்துக் கட்டாயம் போகிறேன்.

குழந்தை பிறந்திருக்க வேண்டிய தேதி வந்தபோது தங்கைக்கு போன் செய்தேன். அந்தத் தேதி அவளுக்கு நினைவிருக்கிறதா, அது அவளுக்கு ஒரு விஷயமா என்றே எனக்குத் தெரியாது. "இன்னிக்கு அதைப் பத்திப் பேசணுமா, வேண்டாமா?" என்றேன்.

"வேண்டாம்க்கா. சும்மா லைன்ல இரு."

அவள் துணி மடித்துக்கொண்டிருந்தாள் போல, உதறும் சத்தம் கேட்டது. நடுவில் ஒரு தடவை "இருக்கியா?" என்றாள். "இருக்கேன்" என்றேன்.