மீதிப் பேர்

"மீதிப் பேரு எங்க போவாங்க சார்?" என்று கேட்டார் மைதானத்தைப் பார்த்துக்கொள்ளும் பெரியவர். நின்று பார்க்கிற படிக்கட்டு கேலரியை எடுத்துவிட்டு இருக்கை போடப்போகிறோம், கொள்ளளவு பாதிக்கும் கீழே வந்துவிடும் என்று வரைபடத்தை விரித்து நான்தான் சொல்லிக்கொண்டிருந்தேன்.

"டிவியில பார்ப்பாங்க ஐயா" என்றேன்.

அவர் ஒன்றும் சொல்லவில்லை. ஹோஸ் பைப்பைச் சுருட்டிக்கொண்டு போய்விட்டார்.

நான் வைத்த வாதம் தப்பில்லை. 1989 ஏப்ரலில் இங்கிலாந்தில் ஷெஃபீல்டின் ஹில்ஸ்பரோ கால்பந்து மைதானத்தில், நின்று பார்க்கும் பகுதியில் ஏற்பட்ட நெரிசல் 97 உயிர்களைக் கொண்டுபோனது. பெரிய மைதானங்களில் எல்லோரும் உட்கார்ந்தே பார்க்க வேண்டும் என்றது அதை விசாரித்த நீதிபதி டெய்லரின் 1990 அறிக்கை. ஒரு காலத்தில் சுமார் 28,000 பேர் நின்ற லிவர்பூல் கிளப் மைதானத்தின் 'காப்' கேலரி, 1994இல் இருக்கை போட்டதும் 12,000 சொச்சமாகச் சுருங்கியது. எல்லாம் என் ஸ்லைடில் இருந்தது.

இல்லாமல் போனது ஒன்றுதான். முக்கியக் காரணம் போலீஸ் கட்டுப்பாடு தவறியது என்று டெய்லரின் 1989 இடைக்கால அறிக்கையும், நின்று பார்ப்பது தன்னளவில் ஆபத்தானதல்ல என்று அதே 1990 அறிக்கையும் சொல்கின்றன. படித்தேன், பென்சிலால் கோடுகூடப் போட்டேன். ஸ்லைடில் இடமில்லை என்று விட்டுவிட்டேன். இடம் இருந்தது.

சரி, நாளைக்கு ஏதாவது ஆனால் யார் பதில் சொல்வது? கையெழுத்து என்னுடையது. இங்கிலாந்திலேயே 2022இல்தான் தடுப்புக் கம்பி வைத்து நிற்கும் இடங்களுக்கு மறுபடி அனுமதி கொடுத்தார்கள். ஆனால் ஜெர்மனியில் டார்ட்மண்டின் தெற்கு கேலரியில் சுமார் 25,000 பேர் நிற்கிறார்கள் என்பது எனக்கு அப்போதே தெரியும்.

பழைய கிரேக்கத்தின் ஒலிம்பியா மைதானத்தில் கல் இருக்கை நடுவர்களுக்குத்தான், ஜனங்களுக்கு மண்மேடு. இந்த மாதிரி விஷயங்களை இப்போது தேடித்தேடிப் படிக்கிறேன், எதற்கென்று தெரியவில்லை.

கேலரியை இடிக்கும் முன் அளவெடுக்கப் போனேன். இரும்புக் கம்பிகளில் முழங்கை படும் உயரத்தில் மட்டும் பெயின்ட் தேய்ந்து பளபளவென்றிருந்தது. ஓரங்களில் அப்படியே பச்சை. படம் எடுத்தேன், அறிக்கையில் சேர்க்கவில்லை.

அப்புறம் ஒருநாள் தோன்றியது: பெரியவர் என்னைக் குத்திக்காட்டவே இல்லையோ? மேட்ச் அன்று கேட்டில் நிற்பவர் அவர்தான். டிக்கெட் கிடைக்காமல் வந்து நிற்பவர்களுக்கு என்ன சொல்லி அனுப்புவது என்றுதான் கேட்டாரோ என்னவோ.