ஜோடி இல்லாத நடிகை

ஈரோட்டிலிருந்து கரூர் போகும் பாசஞ்சர் ரயில் கொடுமுடியில் நின்றதும் கைபேசியில் 'பழம் நீயப்பா' பாட்டைப் போட்டேன். அந்த ஊரில் வேறு எதைக் கேட்பது? எதிரில் கூடையோடு உட்கார்ந்திருந்த முறுக்குக்கார அம்மா இன்னும் சத்தமாக வைக்கச் சொன்னார்.

அந்தப் பாட்டைப் பாடிய நடிகை கே.பி. சுந்தராம்பாள் 1908இல் பிறந்த ஊர் அது. சிறுமியாக ரயிலில் பாடிப் பிழைத்தவரை யாரோ கேட்டு நாடகத்துக்கு அழைத்துப்போனார்கள் என்று சொல்வார்கள். மைக் எட்டிப்பார்க்காத கொட்டகையில், தரை டிக்கெட்டில் கடைசியாக உட்கார்ந்திருப்பவருக்கும் எட்டவேண்டிய குரல் அது. எஸ்.ஜி. கிட்டப்பா மேடையிலும் வாழ்க்கையிலும் ஜோடியானார். 1933 டிசம்பரில் அவர் இறந்தபோது சுந்தராம்பாளுக்கு வயது 25. அன்றிலிருந்து வெள்ளைப் புடவைதான். இனி எந்த ஆணுக்கும் ஜோடியாக நடிப்பதில்லை என்று முடிவெடுத்தார்.

சினிமா அதன் பிறகுதான் வந்தது. 1935இல் 'நந்தனார்' படத்துக்கு லட்ச ரூபாய் சம்பளம். அந்தக் காலத்தில் கேட்டவர்கள் வாயைப் பிளந்திருப்பார்கள். வேடமோ ஆண் வேடம். 1940இல் மணிமேகலை, துறவி. 1964இல் 'பூம்புகார்' படத்தில் கவுந்தியடிகள், சமணத் துறவி. காதலிக்கும் நாயகி ஒருத்திகூட இந்தப் பட்டியலில் இல்லை.

என்னை அதிகம் உறுத்துவது 1953இல் ஜெமினி எடுத்த 'ஔவையார்'. இளம் ஔவையாக வருபவர் குசலகுமாரி. வீட்டில் கல்யாணம் பேசுகிறார்கள். அவள் பிள்ளையாரிடம் போய் அழுது, இளமையை எடுத்துக்கொள்ளச் சொல்கிறாள். நரை வந்த பிறகுதான் கே.பி.எஸ். திரைக்குள் வருகிறார். அப்போது அவருக்கு வயது 45 தான். இருபது வருடம் கழித்து, 'காரைக்கால் அம்மையார்' படத்திலும் இதே கதை. இளம் புனிதவதி லட்சுமி. அழகைத் துறந்த அம்மையார் கே.பி.எஸ். வரம் கேட்கும் வேலையை மற்றவர்கள் செய்தார்கள். கேட்டு வாங்கிய முதுமை மட்டும் இவர் பங்கு.

நல்ல நடிகையா என்றால், எனக்குத் தயக்கம் உண்டு. முகம் அதிகம் பேசாது. 'திருவிளையாடல்' படத்தில் கோபித்துக்கொண்ட முருகன் முன்னால் ஔவையாராகத் திருநீற்று நெற்றியும் கைத்தடியுமாக நிற்கிறார், அவ்வளவுதான். ஆனால் 'பழம்' என்று தொடங்கும்போது அந்த ழகரம் விழுகிற விதத்தைக் கவனியுங்கள். குழந்தையைக் கொஞ்சுகிற பாட்டி, அடுத்த வரியிலேயே அதட்டுகிற பாட்டி, இரண்டு பேரும் குரலுக்குள் இருக்கிறார்கள். முகத்துக்கு அங்கே என்ன வேலை? 1969இல் 'துணைவன்' படத்தில் பாடியதற்குத் தேசிய விருது கொடுத்தார்கள். அறுபதைத் தாண்டிய பிறகு!

வண்டி கிளம்பி வேகம் பிடித்திருந்தது. பாடியவர் பெயரைச் சொல்லலாம் என்று நான் வாயெடுப்பதற்குள் முறுக்குக்கார அம்மா பக்கத்திலிருந்த பேத்தியை உலுக்கி, "கேளு, ஔவையார் பாடுகிறார்" என்றார்.