கண்ணாடிக்குள் ஒரு பச்சை வயல்: 'சைலோ' பார்த்த நாட்கள்

மே 6, 2023

'சைலோ' தொடர் நேற்று ஆப்பிள் டிவியில் தொடங்கியது. சைலோ என்பது மண்ணுக்கடியில் ஒரு நகரம்: 144 தளங்கள், பத்தாயிரம் பேர், ஏறி இறங்க ஒரு சுழல் படிக்கட்டு. வெளியே காற்று விஷம் என்பது ஆள்பவர்கள் சொல்லும் கதை. "வெளியே போகணும்" என்று ஒருவர் வாய்விட்டுச் சொன்னால் போதும், அனுப்பியே தீருவார்கள். சொன்னதைத் திரும்பப் பெற வழியில்லை. போகிறவர் கேமரா கண்ணாடியைத் துடைக்கிறார், கொஞ்ச தூரம் நடக்கிறார், விழுந்து சாகிறார். உள்ளே இருப்பவர்கள் அதைத் திரையில் பார்க்கிறார்கள்.

சாகப்போகிறவர் எதற்காகத் துடைக்க வேண்டும்? இந்தக் கேள்வி என்னை விடவே இல்லை.

ஜூன் 10

பழைய உலகத்துப் பொருள் எதை வைத்திருந்தாலும் குற்றம். ஓர் அளவுக்கு மேல் பெரிதாக்கிக் காட்டும் லென்ஸ்கூடத் தடை. மற்ற தடைகளைவிட இதுதான் எனக்கு உறுத்துகிறது. ஆயுதத்தைத் தடுத்தால் புரிந்துகொள்ளலாம். உற்றுப் பார்ப்பதையே ஏன் தடுக்கிறார்கள்?

ஜூலை 1

பத்தாம் பகுதி, கடைசி. பார்க்காதவர்கள் இதற்கு மேல் படிக்க வேண்டாம்.

மெக்கானிக்காக இருந்து ஷெரிஃப் ஆன நாயகி ஜூலியட் வெளியே காலடி வைக்கிறாள். ஹெல்மெட் கண்ணாடியில் பச்சைப் புல், நீல வானம், ஒரு பறவைக் கூட்டம். தடைசெய்யப்பட்ட ஒரு ஹார்ட் டிரைவில் இருந்த படத்தில் அவள் ஏற்கெனவே பார்த்த அதே பறவைகள், பறக்கும் விதமும் அச்சு அசலாக அதுவே. அங்கேயே அவளுக்குப் பிடிபட்டுவிடுகிறது. புல்லும் வானமும் கண்ணாடியில் ஓட்டப்படும் படம். துடைக்கும் துணியைக் கீழே போட்டுவிட்டு நடக்கிறாள். மேட்டைத் தாண்டியதும் படம் அறுந்துபோகிறது. கண்ணெட்டும் தூரம் வரை சாம்பல் நிலம், அதில் இதே போல இன்னும் பல சைலோக்கள்.

சரி, என் கேள்விக்குப் பதில் கிடைத்துவிட்டது. 'வெளியே எல்லாம் நன்றாக இருக்கிறது, உள்ளே இருக்கும் என் ஜனங்களும் பார்க்கட்டும்' என்ற ஆசையில்தான் துடைக்கிறார்கள். அன்பை வைத்தே ஏமாற்றியிருக்கிறார்கள். எனக்கு ஆறவே இல்லை.

ஜூலை 2

சைலோவை ஆளும் ஐடி (கணினி) துறைத் தலைவர் பெர்னார்ட் பக்கமும் யோசித்துப் பார்த்தேன். வெளியே போனால் சாவு என்று அவர் சொன்னது உண்மைதான். பச்சை வயல் படத்தை நம்பி மக்கள் கதவை உடைத்திருந்தால் அத்தனை பேரும் செத்திருப்பார்கள். கலகக்காரர்கள் கையில் கிடைத்த 'ஆதாரம்', அந்த ஹார்ட் டிரைவ் படம்தான் பொய். இந்த முடிச்சைப் போட்டதற்காகவே எழுதியவர்களைக் கும்பிடலாம்.

ஆனாலும் பெர்னார்டை என்னால் மன்னிக்க முடியாது. அந்தப் பொய்ப் படம் யார் வேலை? ஹெல்மெட்டுக்குள் ஓடுவதுதானே ஹார்ட் டிரைவிலும் இருந்தது! லென்ஸைப் பிடுங்கினார்கள், கேள்வி கேட்டவர்களைச் சாக அனுப்பினார்கள். அப்புறம் ஒருநாள் நிஜத்தையே சொன்னாலும் யார் நம்புவார்கள்? ஒழுங்கு குலைந்துவிடும் என்று பயந்தவர்கள்தான் அந்த ஒழுங்குக்கு அடியில் வெடி வைத்திருக்கிறார்கள்.

ஜூலை 4

இன்னும் அந்த டேப்பைப் பற்றித்தான் யோசித்துக்கொண்டிருக்கிறேன். வெளியே போகிறவரின் உடையை ஒட்ட ஐடி கொடுப்பது வேண்டுமென்றே மட்டமான டேப். ஜூலியட்டுக்கு மட்டும் அவளுடைய குரு வாக்கர் கிழவி சொல்லி நல்ல டேப் வைத்து ஒட்டினார்கள், பிழைத்தாள். அப்படியென்றால் முன்பு போனவர்களைக் காற்று மட்டும் கொல்லவில்லை. மோசமான டேப்பைத் தெரிந்தே கொடுத்தவர்களும் சேர்ந்துதான் கொன்றார்கள்.

உள்ளே இருப்பவர்களுக்கோ அவள் துடைக்காமல் மேட்டைத் தாண்டிப் போனது மட்டும்தான் தெரியும். வெளியே பத்திரம் என்றுதான் நினைப்பார்கள். அவள் திரும்பி வந்து டேப் விஷயத்தைச் சொல்வதற்குள் யாராவது கதவைத் திறந்துவிடக் கூடாது. அடுத்த சீசன் வரும்வரை என் கவலை அதுதான்.