மருந்து நோட்டு

அம்மா பாத்ரூமில் வழுக்கி விழுந்து இடுப்பெலும்பு ஆபரேஷன் ஆனபோது அவளுக்கு 78 வயது. "ஒரு மாசம் உன் வீட்டில் இருக்கட்டும்" என்றார் அண்ணன். அது 14 மாதம் ஆனது.

அண்ணன் கோவையில், தம்பி சென்னையில், நான் திருச்சியில். ஊர் வீட்டை அம்மா எப்போதோ தம்பி பெயருக்கு செட்டில்மென்ட் எழுதிக் கொடுத்துவிட்டாள். "வீட்டை வாங்கிக்கிட்டவன் பார்க்கட்டும்" என்பது அண்ணன் கட்சி. தம்பி மாதம் 5,000 ரூபாய் ஜிபே பண்ணுவான், அதோடு சரி. பொண்ணு பார்க்கிற மாதிரி வராது என்று சொல்வதில் மட்டும் இருவருக்கும் ஒற்றுமை.

பொறுக்க முடியாமல் ஒருநாள் கோட்டாட்சியர் அலுவலகத்துக்குப் போனேன். 2007-ஆம் ஆண்டு பெற்றோர் பராமரிப்புச் சட்டப்படி மனுவை விசாரிப்பது அங்கேதான். மனுவை அம்மா கொடுக்க வேண்டும், முடியாவிட்டால் அவள் அனுமதித்த ஒருவர். மகன், மகள் வித்தியாசம் கிடையாது, நானும் பொறுப்பாளிதான். பராமரிப்புத் தொகை அதிகபட்சம் மாதம் 10,000 ரூபாய். செட்டில்மென்ட்டை ரத்து செய்யலாமா என்று கேட்டேன். 23-ஆம் பிரிவில் வழி இருக்கிறது, பார்த்துக்கொள்ள வேண்டும் என்ற நிபந்தனை பத்திரத்தில் இருக்கிறதா என்று முதலில் பாருங்கள் என்றார்கள். வீட்டுக்கு வந்து பார்த்தேன். 'அன்பினாலும் பிரியத்தினாலும்' என்றுதான் இருந்தது.

அம்மாவிடம் மனுவை நீட்டினேன். "பெத்த பிள்ளைங்க மேல பிராது கொடுக்கச் சொல்றியா?" என்று சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாள்.

அப்புறம் மாமாதான் வந்தார். ஒரு ஞாயிற்றுக்கிழமை மூன்று பேரையும் என் வீட்டில் உட்கார வைத்தார். முதல் அரை மணி நேரம் பழைய கதை: யார் படிப்புக்கு நகை அடகு போனது, யார் கல்யாணத்துக்கு எத்தனை பவுன். நான் மருந்து நோட்டை எடுத்து நடுவில் வைத்தேன். ராத்திரி எழுந்ததையும் அதிலேயே குறிப்பது என் வழக்கம். '1.10 பாத்ரூம். 2.40 கால் வலி, தைலம். 4.00 அப்பா சாப்பிட்டாரா என்று கேட்டாள்.' அப்பா போய் ஒன்பது வருஷம். நாலைந்து பக்கம் புரட்டிய அண்ணன் கண்ணாடியைக் கழற்றினார். அதற்கு மேல் பவுன் பேச்சு வரவில்லை.

ஊர் வீட்டு வாடகை அம்மா கணக்குக்கு. பகலுக்கு ஓர் ஆள், சம்பளம் மூன்று பங்கு. மாதம் ஒரு வாரம் அண்ணனும் தம்பியும் மாறி மாறி இங்கே வந்து தங்க வேண்டும். அம்மாவை ஊர் ஊராகத் தூக்கிக்கொண்டு அலையக்கூடாது என்பதில் மாமா கறார். எல்லாவற்றையும் வெள்ளைத்தாளில் எழுதிக் கையெழுத்து வாங்கினார். "இதெல்லாம் எதுக்கு மாமா?" என்று தம்பி முனகினான். மூன்றாம் மாதமே வாடகை வரவில்லை. தாளைப் போட்டோ எடுத்து அனுப்பினேன், மறுநாள் வந்துவிட்டது. அண்ணி இன்னும் என்னோடு பேசுவதில்லை.

தம்பி முதல் வாரம் தங்கிவிட்டுப் போன பிறகு நோட்டைத் திறந்தேன். அவன் கோழிக்கிறுக்கல்: '12.50 பாத்ரூம். 1.30 மறுபடி. 3.15 சாப்பிட்டியாடா என்று கேட்டாள். அப்புறம் நான் தூங்கவில்லை.'