பூஜ்யம் என்று எழுதிய கட்டம்

மதுரையில் சிறு தொழில் செய்பவர்களுக்குக் கணக்கு எழுதிக் கொடுப்பது என் பிழைப்பு. ஜிஎஸ்டி, வருமான வரி, வங்கிக் கடனுக்கான இருப்புப் பட்டியல் என்று ஆண்டு முழுவதும் ஒரே வகைக் கட்டங்களை நிரப்பிக்கொண்டிருந்த என்னிடம், 2024 மே மாதம் கப்பலூர் தொழிற்பேட்டையில் லேத் பட்டறை நடத்தும் வாடிக்கையாளர் ஒருவர் பதினொரு பக்க வினாப்பட்டியல் ஒன்றை வாட்ஸ்அப்பில் அனுப்பினார். “அண்ணே, இதையும் நீங்களே நிரப்பிக் குடுத்திருங்க. ஆர்டர் குடுக்குற கம்பெனி கேக்குது” என்பது உடன் வந்த செய்தி. எத்தனை யூனிட் மின்சாரம், எத்தனை லிட்டர் டீசல், எத்தனை லிட்டர் தண்ணீர், எத்தனை கிலோ அபாயகரக் கழிவு, அருகில் காடோ பறவைகள் வாழும் இடமோ உண்டா என்றெல்லாம் அதில் கேட்டிருந்தார்கள்.

பதினான்கு பேர் வேலை செய்யும் பட்டறைக்கு இப்படி ஒரு தாள் ஏன் வருகிறது என்பதற்குக் காரணம் உண்டு. பங்குச் சந்தையில் மதிப்பால் முதல் 1000 இடங்களில் இருக்கும் நிறுவனங்கள், தங்கள் தொழிலால் சூழலுக்கும் சமூகத்துக்கும் நேரும் விளைவுகளை 2022-23 நிதியாண்டு முதல் ஆண்டறிக்கையிலேயே சொல்லியாக வேண்டும் என்று பங்குச் சந்தையை ஒழுங்குபடுத்தும் செபி விதித்திருக்கிறது. பெரிய நிறுவனம் தன் கணக்கைச் சொல்லத் தொடங்கினால், அதற்கு உதிரிபாகம் செய்து தருபவரின் கணக்கையும் கேட்கத்தான் செய்யும். அந்தக் கேள்வி படிப்படியாக இறங்கி, கடைசியில் சிம்மக்கல்லில் இருக்கும் என் மேசைக்கு வந்து சேர்ந்தது.

மின்சாரக் கட்டம் எளிது. கட்டண ரசீது இருக்கிறது; மாதம் ஏறத்தாழ 4,000 யூனிட். நம் நாட்டு மின்தொகுப்பில் நிலக்கரியின் பங்கு இன்னும் பெரிதாக இருப்பதால், ஒரு யூனிட்டுக்குச் சுமார் 0.7 கிலோ கரியமில வாயு என்று கணக்கிட்டால் மாதம் 2,800 கிலோ வருகிறது. மின்வெட்டின்போது ஓடும் ஜெனரேட்டருக்கு மாதம் 60 லிட்டர் டீசல்; ஒரு லிட்டர் எரிந்தால் சுமார் 2.7 கிலோ வாயு வெளியேறும் என்பதால் அது 160 கிலோவுக்கு மேல். ரசீது இருக்கும் இடத்தில் கணக்கருக்குக் கஷ்டமே இல்லை.

பட்டறைக் கூரையில் 20 கிலோவாட் சூரியத் தகடுகள் போட்டிருப்பதைக் குறிப்பிட்டபோது முதலாளியின் குரலில் பெருமிதம் தெரிந்தது. அதில் தவறும் இல்லை. மதுரை வெயிலில் ஒரு கிலோவாட் தகடு நாளொன்றுக்குச் சராசரியாக நான்கு யூனிட் தருகிறது. லேத் பட்டறை பகலில் ஓடும் தொழில் என்பதால், தகடு தரும் நேரமும் இயந்திரம் கேட்கும் நேரமும் ஏறக்குறைய ஒத்துப்போகின்றன. இங்கிருந்து தெற்கே கமுதியில் 2016ஆம் ஆண்டு நிறுவப்பட்ட 648 மெகாவாட் சூரிய மின் நிலையத்தைப் பற்றிப் பேசும் அளவுக்கு நாம் இத்தகைய கூரைகளைப் பற்றிப் பேசுவதில்லை. கூரைக்கு எவருடைய நிலமும் தேவைப்படவில்லை என்பது என் கண்ணில் பெரிய விஷயம். கப்பலூரில் லாரிகள் கிளப்பும் புழுதி அந்தத் தகடுகளின் மேல் படிந்துகொண்டே இருக்கிறது. வாரம் ஒருமுறை ஒருவர் ஏணியில் ஏறிக் கழுவாவிட்டால் உற்பத்தி குறைந்துவிடும். அந்தக் கழுவும் தண்ணீர்தான் என்னை அடுத்த கட்டத்துக்குக் கொண்டு சென்றது.

தண்ணீர்க் கட்டத்தில் எழுத என்னிடம் ஒன்றுமே இல்லை. பட்டறைக்குப் பின்புறம் ஆழ்துளைக் கிணறு; அதில் மீட்டர் கிடையாது. “மீட்டர் எதுக்குண்ணே, நம்ம போர்த் தண்ணிதானே” என்றார் முதலாளி. அவரைக் குறை சொல்ல எனக்கு வாய் வரவில்லை. என் வீட்டுப் போரிலும் மீட்டர் இல்லை.

மேலூர்ப் பக்கத்திலிருந்து வேலைக்கு வரும் இளைஞர் ஒருவர்தான் வழி சொன்னார். மேலே இருப்பது 2,000 லிட்டர் தொட்டி. அது காலியாகி ஒவ்வொரு முறை மோட்டார் போடும்போதும், சுவிட்சுப் பெட்டிக்குப் பக்கத்துச் சுவரில் சாக்குக்கட்டியால் ஒரு கோடு இழுத்துவிடுவது என்று முடிவாயிற்று. ஒரு வாரம் கழித்துப் போய்ப் பார்த்தேன். சுண்ணாம்பு உதிர்ந்த சுவரில், நான்கு கோடும் குறுக்கே ஒன்றுமாக ஒரு கட்டும், தனியாக நான்கு கோடுகளும் இருந்தன. ஒன்பது கோடு, 18,000 லிட்டர். பதினான்கு பேர் பகலில் மட்டும் இருக்கும் இடத்துக்கு இது அதிகமாகப் படவே, தேடிப் பார்த்ததில் கழிப்பறையின் ஃப்ளஷ் தொட்டி இரவும் பகலும் சத்தமில்லாமல் கசிந்துகொண்டிருந்தது தெரிந்தது. ரப்பர் வாஷரை மாற்றிய பிறகு அடுத்த வாரம் ஐந்தே கோடு. சூழல் பற்றிய அத்தனை பக்க வினாப்பட்டியலால் அந்த ஆண்டு உண்மையில் மிச்சமானது இந்தத் தண்ணீர்தான் என்று நினைக்கிறேன்.

தண்ணீரை அளந்து வாழ்ந்த ஊர்தான் இது என்பது இதில் உள்ள வேடிக்கை. முல்லைப் பெரியாறு 142 அடியை எட்டுமா, வைகை அணை 71 அடி நிரம்புமா என்பது மதுரையில் டீக்கடைப் பெஞ்சில் இருப்பவருக்கும் தெரியும். எத்தனை கன அடி திறந்துவிட்டார்கள் என்று நாளிதழ் தினமும் போடுகிறது. கண்மாய்ப் பாசனத்திலும் எந்த மடையை எப்போது திறப்பது, யார் வயலுக்கு எவ்வளவு நேரம் பாய்ச்சுவது என்பதைப் பார்க்க நீர்க்கட்டி ஒருவர் இருந்தார்; அறுவடையில் அவருக்கு நெல்லாகக் கூலி உண்டு. எல்லார் கண்ணிலும் படுகிற தண்ணீரை நாம் அங்குலம் அங்குலமாக அளந்திருக்கிறோம். பூமிக்குள் குழாய் இறங்கிய பிறகு, நீர்க்கட்டிக்குக் கொடுத்த நெல்லும் நின்றது, கணக்கும் நின்றது.

இனி, நான் தவறு செய்த கட்டத்துக்கு வருகிறேன். லேத்தில் இரும்பைச் சீவுகிற முனையை இன்சர்ட் என்பார்கள். சுண்டு விரல் நகம் அளவே இருக்கும் கார்பைடு துண்டு. முனை மழுங்கியதும் கழற்றித் திருப்பிப் போட்டு, எல்லா முனையும் தேய்ந்த பின் ஒரு பிஸ்கட் டப்பாவில் சேர்த்து வைப்பார்கள். அந்த டப்பா முதலாளியின் மேசை அறையில் பூட்டியிருக்கும். ஏனெனில் பழைய கார்பைடைக் கிலோக் கணக்கில் நல்ல விலை கொடுத்து வாங்கிப் போக ஆள் வருகிறது. இரும்புச் சீவலுக்கும் விலை உண்டு. அதையும் கூட்டி மூட்டை கட்டுகிறார்கள். ஆனால் சீவும்போது சூடு தணிக்க ஊற்றுகிற, பால் போல வெளுத்த கூலண்ட் திரவம் சில வாரங்களில் கெட்டு நாற்றமெடுக்கும். அதை வாங்க ஆள் வருவதில்லை. பட்டறைக்குப் பின்னால், போரிலிருந்து இருபது அடி தள்ளி, கருவேலம் முளைத்த பள்ளம் ஒன்று இருக்கிறது. மேற்கொண்டு நான் சொல்ல வேண்டியதில்லை. அபாயகரக் கழிவு என்ற கட்டத்தில் “பூஜ்யம்னு போட்ருங்கண்ணே” என்றார் அவர். நான் போட்டேன்.

இன்சர்ட் என்ற அந்தத் துண்டின் பெரும்பகுதி டங்ஸ்டன். அந்த உலோகத்தின் பெயரை 2024 நவம்பரில் மதுரை முழுவதும் தெரிந்துகொண்டது. மேலூர் வட்டத்தில் நாயக்கர்பட்டி டங்ஸ்டன் தொகுதி என்ற பெயரில் ஏறத்தாழ 20 சதுர கிலோமீட்டர் பரப்பு சுரங்கத்துக்காக ஏலம் விடப்பட்டிருந்தது. அதற்குள் அரிட்டாபட்டியும் அடங்கியது: 2022ஆம் ஆண்டு தமிழ்நாட்டின் முதல் பல்லுயிர் பாரம்பரியத் தலமாக அறிவிக்கப்பட்ட ஊர், சமணர் படுக்கைகளும் தமிழி என்ற பழைய எழுத்தில் கல்வெட்டும் பாண்டியர் காலக் குடைவரையும் உள்ள மலை, லகுடு வல்லூறு என்ற வேட்டைப் பறவை கூடு கட்டும் பாறை. 2025 ஜனவரி 7 அன்று அதை எதிர்த்து மேலூர்ப் பகுதி விவசாயிகள் மதுரையை நோக்கி நடந்தார்கள். சாக்குக்கட்டி யோசனை சொன்ன இளைஞர் அன்று விடுப்பு. ஜனவரி 23 அன்று ஒன்றிய அரசு அந்த ஏலத்தை ரத்து செய்தது.

தினமும் டங்ஸ்டன் முனையால் பிழைக்கிறவர் டங்ஸ்டன் சுரங்கத்தை எதிர்க்கலாமா என்று பட்டறையில் ஒருவர் அந்த இளைஞரைச் சீண்டியதாகக் கேள்விப்பட்டேன். “டப்பால கெடக்குறத உருக்கட்டும் மொதல்ல” என்று அவர் சொன்னாராம். விளையாட்டுப் பேச்சாக இருந்தாலும் அதில் விஷயம் இருக்கிறது. உலகில் பயன்படும் டங்ஸ்டனில் கணிசமான பங்கு இப்படிப் பழைய முனைகளை மீட்டெடுத்துத்தான் வருகிறது. வினாப்பட்டியலில் ‘அருகில் பல்லுயிர் முக்கியத்துவம் உள்ள இடம் உண்டா’ என்ற கேள்விக்கு ‘இல்லை’ என்று டிக் அடித்திருந்தேன். கப்பலூரிலிருந்து அரிட்டாபட்டி தொலைவுதான். பயன்படுத்தும் உலோகம் எந்த மலையிலிருந்து வந்தது என்று கேட்க அதில் கட்டமே இல்லை.

விலை இருப்பது டப்பாவுக்குப் போகிறது, விலை இல்லாதது பள்ளத்துக்குப் போகிறது என்பது பட்டறைக்கு மட்டும் உரிய வழக்கமல்ல. பால் கவரையும் தண்ணீர் பாட்டிலையும் பொறுக்குகிறவர்கள் மெல்லிய பைகளைத் தொடுவதில்லை. 2019 ஜனவரி 1 முதல் தடை இருந்தும் அவை வைகைப் பாலத்தடியில் கிடக்கின்றன. நம் தியாகராசர் பொறியியல் கல்லூரியின் பேராசிரியர் ஆர். வாசுதேவன், சூடான ஜல்லியின் மேல் நறுக்கிய பிளாஸ்டிக்கைத் தூவி உருகிப் படியவைத்து, அதன்பின் தார் சேர்க்கும் முறையைக் கண்டார். அதற்காக 2018இல் பத்மஸ்ரீ பெற்றார். ஒற்றைத் தடச் சாலை ஒரு கிலோமீட்டருக்கு ஏறத்தாழ ஒரு டன் பிளாஸ்டிக் பிடிக்கும் என்பார்கள். வாங்க ஆளில்லாத பைக்கு ஒரு வாங்கும் இடத்தை அவர் உண்டாக்கினார் என்பதுதான் அதில் எனக்குப் பிடித்த அம்சம்.

இந்த ஆண்டும் வினாப்பட்டியல் வந்தது. பூஜ்யம் போட மாட்டேன் என்று முதலாளியிடம் சொன்னேன். இரண்டு நாள் போனை எடுக்கவில்லை. பிறகு அவரே அழைத்து, கூலண்டை டிரம்மில் பிடித்து வைக்கச் சொல்லியிருப்பதாகச் சொன்னார். விதிப்படி 90 நாளுக்கு மேல் அதை அங்கேயே வைத்திருக்கக் கூடாது. அனுமதி பெற்றவரிடம் ஒப்படைக்க வேண்டும். மூன்று டிரம்முக்காக வண்டி வராது என்று போனில் சொல்லிவிட்டார்கள். அதே வரிசையில் உள்ள மற்ற பட்டறைக்காரர்களிடம் பேசி ஒரு லோடாகச் சேர்க்க முடியுமா என்று அவர் பார்த்துக்கொண்டிருக்கிறார். இதுவரை இருவர் சரி என்றிருக்கிறார்கள்.

கட்டத்தில் 600 லிட்டர் என்று எழுதி அனுப்பினேன். ஒரு வாரம் கழித்து அந்த நிறுவனத்திலிருந்து ஒரு பெண் அழைத்து, சென்ற ஆண்டு பூஜ்யமாக இருந்தது இந்த ஆண்டு எப்படி 600 ஆயிற்று, உற்பத்தி முறையை மாற்றிவிட்டீர்களா என்று கேட்டார்.

“முறை மாறலம்மா. போன வருஷம் நான் தப்பா எழுதிட்டேன்” என்றேன்.

“அப்ப போன வருஷத்துக்கும் திருத்தி ஒரு தாள் அனுப்புங்க சார்” என்றார்.