நூறு கிலோ டேபிளும் நாலு கிலோ ஸ்க்ரூவும்

சிஎன்சி (கணினிக் கட்டுப்பாட்டில் வெட்டும்) மெஷினின் ஓர் அச்சுக்கு சர்வோ மோட்டார் தேர்வு செய்யும்போது முதலில் கண்ணில் படுவது டேபிளின் எடை. நிறையை முடுக்கத்தால் பெருக்கி, கிடைத்த விசையை ஸ்க்ரூ வழியாகத் திருப்பு விசையாக்கிக் கணக்கை முடித்துவிடுகிறார்கள். முடுக்கத்துக்குத் தேவையானதில் பாதிக்கு மேல் அங்கேயே விட்டுப்போகிறது.

ஒரு கிடைமட்ட அச்சை எடுத்துக்கொள்வோம். டேபிள் 100 கிலோ. மோட்டாரின் சுழற்சியை டேபிளின் நகர்வாக்கும் திருகான பால் ஸ்க்ரூ 25 மி.மீ. விட்டம், 1 மீட்டர் நீளம், லீட் (ஒரு சுற்றில் டேபிள் நகரும் தூரம்) 10 மி.மீ. ஒரு சுற்றுக்கு 10 மி.மீ. என்றால் ஒரு ரேடியனுக்கு 1.59 மி.மீ. நேர்கோட்டு இயக்கத்தையும் சுழற்சியையும் இணைக்கும் பாலம் இந்த எண்தான். இரண்டு பக்கமும் இயக்க ஆற்றல் சமமாக இருக்க வேண்டும். அதில் வேகம் வர்க்கமாக வருவதால் இந்த எண்ணும் வர்க்கமாகத்தான் வரும். செ.மீ.யில் போட்டால் 100 × 0.159 × 0.159, அதாவது 2.53 கிகி·செமீ². இதுதான் நிலைமத் திருப்புத்திறன், சுழற்சி வேகத்தை மாற்றுவதற்கு வரும் எதிர்ப்பின் அளவு. நூறு கிலோ டேபிள் மோட்டாருக்கு இவ்வளவாகத்தான் தெரியும்.

அடுத்து ஸ்க்ரூ. எஃகு உருளையாக எடுத்தால் 3.85 கிலோ. நிலைமத் திருப்புத்திறன் ½ × 3.85 × 1.25 × 1.25 = 3.01 கிகி·செமீ². டேபிளைவிட அதிகம்! விறைப்பு போதவில்லை என்று 32 மி.மீ. ஸ்க்ரூ போட்டால் விட்டத்தின் நான்காம் அடுக்கில் ஏறி 8.08 ஆகிவிடும். டேபிளில் பத்து கிலோ குறைக்கப் படும் பாட்டை ஸ்க்ரூ விட்டத்தில் ஒருமுறை பட்டால் பலன் அதிகம்.

மோட்டாருக்குள் சுழலும் ரோட்டர் 3.00, மோட்டாரையும் ஸ்க்ரூவையும் இணைக்கும் கப்ளிங் 0.30 என்று வைத்தால் மொத்தம் 8.84. டேபிளுக்கு 1 மீ/வி² முடுக்கம் வேண்டுமானால் மோட்டாருக்குக் கோண முடுக்கம் 628 ரேடியன்/வி². தேவை 0.56 நியூட்டன் மீட்டர். டேபிளை மட்டும் கணக்கிட்டவருக்கு 0.16தான் வந்திருக்கும். உராய்வும் வெட்டு விசையும் இதற்கு மேல்.

தவறுவது பெரும்பாலும் அலகுகளில். ஆரத்துக்குப் பதில் விட்டத்தைப் போட்டால் ஸ்க்ரூ நாலு மடங்காகும். பழைய ஜப்பானிய கேட்டலாக்குகளில் ஜிடி ஸ்கொயர் (எடை × விட்டத்தின் வர்க்கம்) என்று இருந்தால் நாலால் வகுக்க வேண்டும். இடையில் 2:1 பெல்ட் இருந்தால் ஸ்க்ரூவும் டேபிளும் நாலில் ஒன்றாகக் குறையும். ஆனால் மோட்டார் பக்கப் புல்லி அப்படியே நிற்கும், அதை வகுக்கக் கூடாது.

இதுவரை ஸ்க்ரூ விறைப்பானது என்றே வைத்துக்கொண்டோம். உண்மையில் அது ஒரு ஸ்பிரிங். அடிவிட்டம் 21 மி.மீ., மோட்டார் பக்கம் மட்டும் தாங்கி பிடித்திருக்கிறது என்றால், டேபிளோடு சேர்ந்து ஸ்க்ரூவில் நகரும் நட் ஏறத்தாழ 1 மீட்டர் தள்ளி நிற்கும்போது விறைப்பு மைக்ரானுக்கு 71 நியூட்டன். நூறு கிலோவோடு சேர்ந்தால் அதிர்வெண் 134 ஹெர்ட்ஸ். பாதி தூரத்தில் 190. நட், தாங்கி, பிராக்கெட் எல்லாம் தொடரில் சேர்வதால் நிஜத்தில் இன்னும் இறங்கும். அதனால்தான் மோட்டார் அருகில் அமைதியாக ஓடும் டேபிள் கடைசி முனையில் உறுமுகிறது. மோட்டாரின் சுழற்சியை அளக்கும் என்கோடர் சரியாகவே காட்டும், ஆடுவது டேபிள். கெயினை (பிழைக்கு டிரைவ் எவ்வளவு வேகமாகப் பதில் தர வேண்டும் என்ற அமைப்பை) எப்போதும் தூர முனையில் வைத்துத்தான் டியூன் செய்ய வேண்டும்.

போட்ட கணக்கை மெஷினிலேயே சரிபார்க்கலாம். வேகத்தை ஒரே அளவு முடுக்கத்தில் ஏற்றி, அதே அளவில் இறக்கி, டிரைவ் (மோட்டாரை இயக்கும் மின்கட்டுப்பாட்டுப் பெட்டி) காட்டும் திருப்பு விசையைக் குறித்துக்கொள்ளுங்கள். ஏறும்போது 0.75, இறங்கும்போது எதிர்த்திசையில் 0.40 என்றால், சராசரி 0.575 நிலைமத்துக்கு, வித்தியாசத்தில் பாதி 0.175 உராய்வுக்கு. 0.575ஐ 628ஆல் வகுத்தால் 0.000916 கிகி·மீ², அதாவது 9.16 கிகி·செமீ². நம் 8.84க்குப் பக்கத்தில் இருக்கிறது. உராய்வுப் பங்கு மட்டும் எதிர்பார்த்ததைவிட ஏறியிருந்தால் மோட்டாரை மாற்ற ஓடாதீர்கள். நட்டின் பிரீலோட் (முன்கூட்டியே தரும் இறுக்கம்), தூசியைத் துடைக்கும் வைப்பர் சீல், ஸ்க்ரூவும் டேபிள் ஓடும் கைடும் இணையாக இருக்கின்றனவா என்பதை டயல் கேஜ் வைத்து முதலில் பாருங்கள்.